இடிக்காமல் ஒரு ஊரைச் சரிசெய்ய முடியுமா? தஞ்சாவூர் சந்துகளில் நடந்த பேட்ரிக் கெடிஸின் கதை

ஞாயிற்றுக்கிழமை மதியம் ஏற்காடு ஒண்டிக்கடையில் மாட்டிக்கொண்ட அனுபவம் உங்களுக்கு இருக்கலாம். சேலத்திலிருந்து 20 கொண்டை ஊசி வளைவு ஏறி வந்த கார்கள், கர்நாடக நம்பர் பிளேட் பைக்குகள், எஸ்டேட் ஜீப், அரசு பஸ், நடுவில் பஜ்ஜி கையில் வைத்துக்கொண்டு செல்ஃபி எடுக்கும் கூட்டம். ஒண்டி என்றால் தனி, ஒத்தை. ஒரே ஒரு கடை இருந்த காலத்தை அந்தப் பெயர் இன்னும் தூக்கிக்கொண்டு நிற்கிறது.

ஹாரன் அடித்துக்கொண்டு வண்டிக்குள் உட்கார்ந்திருக்கும் யாரைக் கேட்டாலும் ஒரே யோசனைதான் சொல்வார்கள். கடைகளை எடுக்கணும், ரோட்டை அகலப்படுத்தணும். தப்பில்லை, அந்த நேரத்தில் எனக்கும் அப்படித்தான் தோன்றும்.

நூற்றைம்பது வருஷம் முன்பு ஐரோப்பாவின் பெரிய நகரங்களுக்கும் இதே யோசனைதான் வந்தது. பாரிஸில் 1853-ல் தொடங்கி ஹவுஸ்மான் என்ற அதிகாரி பல ஆயிரம் பழைய வீடுகளைத் தரைமட்டமாக்கி, நேர்கோடு போட்ட அகலச் சாலைகளை அமைத்தார். வியன்னா 1857-ல் தன் கோட்டை மதிலையே இடிக்க முடிவு செய்தது. நாம் இன்று டூர் போய் போட்டோ எடுக்கும் பாரிஸ், பெரும்பாலும் அந்த இடிபாட்டின் மேல் எழுந்ததுதான். அங்கே இருந்த ஏழைகள் எங்கே போனார்கள் என்பது போட்டோவில் வராது.

அந்தக் கேள்வியை விடாமல் கேட்ட ஆள் ஒருவர் ஸ்காட்லாந்தில் இருந்தார். கேட்டதோடு நிற்காமல், தன் 60-வது வயதில் கப்பல் ஏறி மெட்ராஸ் வந்து, நம்ம ஊர்ச் சந்துகளில் நடந்தார். பெயர் பேட்ரிக் கெடிஸ். நகரத் திட்டமிடல் படிப்பவர்களுக்கு இவர் பாடப் புத்தகப் பெயர். மற்றவர்கள் கேள்விப்பட்டிருக்க வாய்ப்பு குறைவு.

டிகிரி இல்லாத பேராசிரியர்

1854 அக்டோபர் 2-ம் தேதி ஸ்காட்லாந்தின் பாலட்டர் என்ற சிற்றூரில் பிறந்தார். வளர்ந்தது பெர்த் நகருக்கு அருகில், குன்றும் ஆறும் தோட்டமும் உள்ள இடத்தில். அப்பா ராணுவத்தில் இருந்தவர். பையன் கொஞ்ச காலம் பேங்க்கில் வேலை பார்த்தார், பிடிக்கவில்லை. தாவரவியல் படிக்க எடின்பரோ பல்கலைக்கழகம் போனார், ஒரே வாரத்தில் வெளியே வந்துவிட்டார். பிறகு லண்டன் போய், டார்வினின் கொள்கைக்காக மேடைதோறும் வாதாடிய தாமஸ் ஹக்ஸ்லியிடம் உயிரியல் படித்தார். கடைசிவரை பட்டம் எதுவும் வாங்கவில்லை.

1879-ல் ஆராய்ச்சிக்காக மெக்ஸிகோ போன இடத்தில் கண் பார்வை போனது. இருட்டறையில் வாரக்கணக்கில் உட்கார வேண்டிய நிலை. பார்வை திரும்பியது, ஆனால் மைக்ராஸ்கோப்பில் மணிக்கணக்கில் பார்க்கும் வேலை இனி முடியாது. ஒரு உயிரியல் ஆராய்ச்சியாளருக்கு இது பெரிய அடி. அவர் கவனம் செடியிலிருந்து மெல்ல மனிதர்கள் பக்கம் திரும்பியது. ஒரு உயிர் தன் சூழலுக்கு ஏற்ப எப்படி வளர்கிறதோ, ஊரும் அப்படித்தான் வளர்கிறது என்பது அவர் பிடித்துக்கொண்ட நூல்.

1888-ல் டண்டீ நகரக் கல்லூரியில் தாவரவியல் பேராசிரியர் ஆனார். வருஷத்தில் சில மாதம் மட்டும் பாடம் நடத்தினால் போதும் என்பது ஏற்பாடு. மீதி நேரத்தில் அவர் செய்ததுதான் இந்தக் கதை.

சேரிக்குக் குடிபோன தம்பதி

எடின்பரோ இரண்டு ஊர். மலை முதுகில் ஓல்டு டவுன், கீழே சமதளத்தில் நியூ டவுன். 18-ம் நூற்றாண்டின் இறுதியில் வசதி உள்ளவர்கள் எல்லாம் நேர் தெருக்கள் கொண்ட நியூ டவுனுக்கு இறங்கிவிட்டார்கள். ஓல்டு டவுனின் உயரமான கல் கட்டடங்களில் ஏழைகள் அடைந்தார்கள். பணக்காரர் ஒருவர் வாழ்ந்த வீட்டில் அறைக்கு ஒரு குடும்பம்.

1861 நவம்பரில் ஓர் இரவு, அப்படி ஒரு பழைய கட்டடம் அப்படியே சரிந்து 35 பேர் செத்துப்போனார்கள். அதன் பிறகுதான் நகர நிர்வாகம் விழித்தது. சுகாதார அதிகாரி நியமிக்கப்பட்டார், 1867-ல் நகர மேம்பாட்டுச் சட்டம் வந்தது. சட்டத்தின் நோக்கம் நல்லது. வழி பாரிஸ் வழி. நெரிசலான பகுதிகளை இடித்து அகலமான புதிய தெருக்களை வெட்டினார்கள். இடிக்கப்பட்ட வீட்டுக்காரர்கள் பக்கத்துச் சந்தில் ஏற்கெனவே நிரம்பிக் கிடந்த கட்டடங்களில் போய் நெருக்கினார்கள். ஒரு நெரிசலை இடித்து இன்னொரு நெரிசலை உண்டாக்கிய கணக்கு.

(ஏற்காட்டுக்காரர்களுக்கு ஒரு சின்ன தகவல். எடின்பரோ ஓல்டு டவுனைக் குடைந்து 1850-களில் போட்ட ஒரு வளைந்த தெருவின் பெயர் காக்பர்ன் தெரு. சேர்வராயன் மலைக்கு 1820-களில் காபியைக் கொண்டுவந்த சேலம் கலெக்டரின் பெயரும் காக்பர்ன்தான். தெருவின் பெயர் வேறொரு காக்பர்ன், ஒரு நீதிபதி, நினைவாக வைத்தது.)

கெடிஸ் 1886-ல் அன்னா மார்ட்டனைக் கல்யாணம் செய்தார். லிவர்பூல் வியாபாரிக் குடும்பத்துப் பெண், இசை தெரிந்தவர். அடுத்த வருஷமே இருவரும் நியூ டவுனின் வசதியை விட்டுவிட்டு, ஓல்டு டவுனில் ஜேம்ஸ் கோர்ட் என்ற கூட்டுக் குடியிருப்புக்குக் குடிபோனார்கள். சொந்தக்காரர்கள் என்ன சொல்லியிருப்பார்கள் என்று நீங்களே யோசித்துக்கொள்ளலாம்.

அங்கே அவர்கள் செய்த வேலை பார்க்கச் சாதாரணம். சுவருக்கு வெள்ளையடித்தார்கள். குப்பையை அகற்றினார்கள். ஜன்னலில் பூந்தொட்டி வைத்தார்கள். அக்கம்பக்கத்தாரையும் சேர்த்துக்கொண்டார்கள். விழப்போகும் கட்டடத்தை மட்டும் எடுத்து, அந்த இடத்தில் வெளிச்சமும் காற்றும் வர விட்டார்கள். மீதியைப் பழுதுபார்த்தார்கள். பழைய கட்டடங்களை மாணவர் விடுதியாக மாற்றி, மாணவர்களே நிர்வகிக்கும்படி விட்டார். 1890-களில் கோட்டைக்குப் பக்கத்தில் ராம்சே கார்டன் குடியிருப்பு எழுந்தது. பேராசிரியர்களும் கலைஞர்களும் ஓல்டு டவுனுக்குத் திரும்பி வந்தார்கள். இன்று எடின்பரோ போகிறவர்கள் அதிகம் படம் எடுக்கும் கட்டடங்களில் அதுவும் ஒன்று.

பணம்? அதில் ஆள் படு மோசம். கடன் வாங்கிக் கட்டுவார், அடுத்ததுக்குத் தாவுவார். கடைசியில் நண்பர்கள் 1896-ல் ஒரு நிறுவனம் தொடங்கி அவருடைய சொத்துக்களைக் கையில் எடுத்துக்கொள்ள வேண்டியதாயிற்று.

மலையிலிருந்து கடல் வரை ஒரே படம்

1892-ல் கோட்டைக்கு அருகே ஒரு பழைய கோபுரத்தை வாங்கி, அதற்கு அவுட்லுக் டவர் என்று பெயர் வைத்தார். உச்சியில் கேமரா அப்ஸ்க்யூரா. கண்ணாடியும் லென்ஸும் வைத்து, வெளியே ஓடும் நகரத்தை உள்ளே ஒரு வெள்ளை மேசை மேல் விழ வைக்கும் பழைய தந்திரம். முதலில் ஊர் முழுவதையும் பார்க்க வேண்டும். பிறகு ஒவ்வொரு மாடியாக இறங்கினால் எடின்பரோ, ஸ்காட்லாந்து, ஐரோப்பா, கடைசியில் உலகம் என்று கண்காட்சி விரியும். தன் ஊரைப் பார்க்கத் தெரியாதவன் உலகத்தைத் திருத்தக் கிளம்பக் கூடாது என்பது அதன் அர்த்தம்.

அவருடைய இன்னொரு படம் இன்னும் பிரபலம். பள்ளத்தாக்கின் குறுக்குவெட்டுப் படம். இடது பக்கம் மலை, வலது பக்கம் கடல். மலையில் சுரங்கக்காரர், மரம் வெட்டுபவர், வேட்டைக்காரர். சரிவில் ஆடு மேய்ப்பவர். கீழே விவசாயி, கடலோரம் மீனவர். இடம், தொழில், மக்கள் மூன்றும் சேர்ந்ததுதான் ஊர். நகரம் மட்டும் தனியாக நிற்பதில்லை, அதன் மேலே உள்ள மலையும் அதன் பகுதிதான்.

குறிஞ்சி, முல்லை, மருதம், நெய்தல் என்று பள்ளிக்கூடத்தில் ஒப்பித்த நமக்கு இது ஒன்றும் புதுசு இல்லை. ஒண்டிக்கடையில் நின்றே அந்தப் படத்தை வரைந்துவிடலாம். மேலே சேர்வராயன் கோயில் பக்கம் பாக்சைட் வெட்டிய நிலம். மலையாளிப் பழங்குடியினரின் ஊர்கள். காபி, மிளகு, ஆரஞ்சுத் தோட்டம். அடிவாரத்தில் மேக்னசைட் சுரங்கம். அதைத் தாண்டி சேலம். இந்த மலையில் பிறக்கும் திருமணிமுத்தாறு சேலத்துக்குள் புகுந்து, பாதி சாக்கடையாகி, நாமக்கல் வழியாகக் காவிரிக்குப் போகிறது. சேலத்துச் சாக்கடைப் பிரச்சினையை சேலத்துக்குள் மட்டும் நின்று தீர்க்க முடியாது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது.

எம்டன் மூழ்கடித்த கண்காட்சி

இந்த யோசனைகளை எல்லாம் வரைபடங்களாகவும் படங்களாகவும் சேர்த்து ஒரு நகரக் கண்காட்சி உருவாக்கினார் கெடிஸ். லண்டன், எடின்பரோ, டப்ளின் என்று சுற்றிய அது, 1913-ல் பெல்ஜியத்தின் கென்ட் நகரில் பெரும் பரிசு வாங்கியது. அப்போது மெட்ராஸ் கவர்னராக இருந்தவர் லார்டு பென்ட்லாண்டு. முன்பு ஸ்காட்லாந்து நிர்வாகத்தில் அமைச்சராக இருந்தவர், கெடிஸை அறிந்தவர். மெட்ராஸ் மாகாணத்துக்குக் கண்காட்சியோடு வாருங்கள் என்று அழைத்தார்.

1914. முதல் உலகப் போர் தொடங்கிவிட்டது. கெடிஸும் மூத்த மகன் அலாஸ்டேரும் ஒரு கப்பலில் வந்தார்கள். கண்காட்சிப் பொருட்கள் கிளான் கிராண்ட் என்ற வேறொரு கப்பலில். செப்டம்பர் 22 இரவு மெட்ராஸ் மேல் குண்டு போட்டு, தமிழில் ஒரு புதுச் சொல்லாகவே மாறிவிட்ட அதே எம்டன், அக்டோபரில் கிளான் கிராண்டை மூழ்கடித்தது. வாழ்நாள் சேகரிப்பு கடலுக்குள் போனது.

வேறு யாராக இருந்தாலும் ஊருக்குத் திரும்பியிருப்பார்கள். பிரிட்டனில் இருந்த நண்பர்கள் அவசரமாக வேறு படங்களும் வரைபடங்களும் திரட்டி அனுப்ப, 1915 ஜனவரியில் மெட்ராஸில் கண்காட்சி திறந்தது. அதற்கு முன்னும் பின்னும் மாகாணத்து ஊர்களைச் சுற்றினார். அந்த அறிக்கைகளை மெட்ராஸ் அரசு 1915-ல் அச்சிட்டது.

தஞ்சாவூர்க் கணக்கு

தஞ்சாவூரில் நெரிசலான ஒரு குடியிருப்புப் பகுதி. சுகாதாரம் மோசம், சந்துகள் குறுகல். அதிகாரிகள் கையில் ஒரு திட்டம் தயாராக இருந்தது. வரைபடத்தின் மேல் ஸ்கேல் வைத்து நேர்கோடுகள். கோடு போகும் வழியில் உள்ள வீடுகள் காலி. ஐரோப்பா அரை நூற்றாண்டு முன்பு செய்துவிட்டு, அதற்குள் வருத்தப்படவும் தொடங்கியிருந்த அதே வைத்தியம்.

கெடிஸ் செய்தது வேறு. வரைபடத்தோடு சந்து சந்தாக நடந்தார். எந்த வீடு உறுதியாக இருக்கிறது, எதைப் பழுதுபார்க்கலாம், எது தானே விழுந்துகொண்டிருக்கிறது, எந்த மனை காலியாகக் கிடக்கிறது, கிணறு எங்கே, மரம் எங்கே என்று ஒவ்வொன்றாகக் குறித்தார். இப்படிக் குறித்து முடித்த பிறகு பார்த்தால், இடிபாடும் காலி மனையும் ஆங்காங்கே ஏற்கெனவே இருக்கின்றன. அவற்றை ஒன்றோடொன்று இணைத்தாலே காற்றோட்டமான வழி கிடைக்கிறது. இங்கே ஒரு சுவரைத் தள்ளி வை, அங்கே ஒரு பாழ் வீட்டை எடு, நடுவில் உள்ள மரத்தடியைச் சின்ன மைதானமாக விடு. நல்ல வீடு எதையும் தொட வேண்டியதில்லை.

இடிக்கும் திட்டத்துக்கு ஆகும் செலவு 30 ஆயிரம் ரூபாய்க்குக் குறையாது. அவர் வழிக்கு சுமார் 5 ஆயிரம். ஆறில் ஒரு பங்கு!

இந்த முறைக்கு கன்சர்வேட்டிவ் சர்ஜரி என்று பெயர் வைத்தார். உடம்பைக் காப்பாற்றும் அறுவைச் சிகிச்சை என்று வைத்துக்கொள்ளலாம். காலில் புண் என்றால் புண்ணைத்தான் அறுக்க வேண்டும், காலை வெட்டக் கூடாது. செலவை விட அவரை உறுத்தியது இன்னொரு விஷயம். வீடு இழந்தவர்கள் ஆவியாகி மறைவதில்லை. பக்கத்துத் தெருவில் போய் அடைகிறார்கள், அங்கே வாடகை ஏறுகிறது, நோயும் கூடவே போகிறது. எடின்பரோவில் கண்ணால் பார்த்தது அது. சென்னையில் கரையோரக் குடிசைகளைக் காலி செய்து ஊருக்கு வெளியே லாரியில் ஏற்றி அனுப்புவதைப் பார்த்த தலைமுறைக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

குளங்களைப் பற்றியும் அவருக்கு ஒரு பிடிவாதம் உண்டு. மலேரியா பயத்தில் குளத்தையும் கிணற்றையும் மூடிவிடுவது அன்றைய சுகாதாரத் துறைகளின் வழக்கம். குழாய்த் தண்ணீர் வந்துவிட்டதே, குளம் எதற்கு என்பது வாதம். குழாய் எப்போதும் வரும் என்று என்ன நிச்சயம், குளம் ஊரைக் குளிர வைக்கிறது, கொசுவுக்கு மீனையும் வாத்தையும் விடுங்கள் என்பது கெடிஸின் பதில். 2019-ல் சென்னையில் தண்ணீர் லாரிக்காக நின்றவர்கள் இதை 1915-ன் யோசனை என்று நம்ப மாட்டார்கள்.

நம் கோயில் நகரங்கள் அவரை மயக்கின. ஸ்ரீரங்கத்தின் அடுக்கடுக்கான வீதிகளைப் பற்றி 1919-ல் மாடர்ன் ரிவ்யூ இதழில் எழுதினார். ஐரோப்பியப் பொறியாளர் வந்து அகலச் சாலை கற்றுக்கொடுப்பதற்குப் பல நூற்றாண்டு முன்பே, தேர் திரும்புவதற்கென்று அகலமாகத் திட்டமிட்ட வீதிகள் இங்கே இருந்தன என்பதை அவர் பார்த்தார். ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அந்த வீதிகளில் யார் குடியிருக்கலாம், யார் நடக்கவே கூடாது என்ற கோடும் அன்று இருந்தது. வீதியின் அழகுக்குக் கொடுத்த இடத்தை அவர் அந்தக் கோட்டுக்குக் கொடுக்கவில்லை என்பது என் எண்ணம். பழசைக் காப்பாற்றும்போது எந்தப் பழசு என்று கேட்கத்தான் வேண்டும். ஒவ்வொரு ஊரிலும் அவர் தங்கியது கொஞ்ச நாள், சம்பளம் கொடுத்தது கவர்னர்களும் மகாராஜாக்களும் என்பதையும் சேர்த்துத்தான் அவரைப் பார்க்க வேண்டும்.

அறிக்கைகளில் பெரும்பாலானவை அலமாரிக்குப் போயின. பழைய நோய், நமக்குத் தெரிந்ததுதான்.

1917

அந்த வருஷம் ஏப்ரலில் அலாஸ்டேர் பிரான்ஸ் போர்முனையில் கொல்லப்பட்டார். கடலில் மூழ்கிய கண்காட்சிக்குப் பதில் புதியதை நிறுவ அப்பாவோடு மெட்ராஸில் நின்ற அதே மகன். தந்தி வந்தபோது அன்னா இந்தியாவில் கடும் காய்ச்சலில் கிடந்தார். கெடிஸ் மனைவியிடம் சொல்லவில்லை. மகனின் பழைய கடிதங்களை எடுத்து, புதிதாக வந்தவை போலப் படித்துக் காட்டினார். ஜூன் மாதம் கல்கத்தாவில் அன்னா இறந்தார், மகன் போனது தெரியாமலேயே.

வேலையை நிறுத்தவில்லை அவர். நிறுத்தியிருந்தால் உடைந்திருப்பார் என்று நினைக்கிறேன். அந்தக் காலகட்டத்தில்தான் இந்தூர் சமஸ்தானத்துக்காக இரண்டு தொகுதி அறிக்கை தயாரித்தார். 1918-ல் வெளியானது. அங்கே பிளேக் அடித்துக்கொண்டிருந்தது. வரைபடத்தோடு சந்துகளில் திரியும் தாடிக்கார வெள்ளைக்காரரைப் பார்த்து, வீட்டை இடிக்க வந்தவர், பிளேக்கைக் கொண்டுவந்தவர் என்று மக்கள் முணுமுணுத்தார்களாம். மக்கள் பயப்படும் திட்டம் எதுவும் நடக்காது என்று அவருக்குப் புரிந்தது. மகாராஜாவிடம் போய், ஒரே ஒரு நாள் அதிகாரத்தைக் கேட்டு வாங்கினார்.

தீபாவளி ஊர்வலம் வழக்கமான பாதையில் போகாது, எந்தத் தெரு தன்னை நன்றாகச் சுத்தம் செய்து வெள்ளையடித்து வைத்திருக்கிறதோ அந்தத் தெரு வழியாகத்தான் போகும் என்று அறிவிப்பு வந்தது. அவ்வளவுதான். ஊரே துடைப்பத்தை எடுத்தது. வண்டி வண்டியாகக் குப்பை வெளியே போனது. ஊர்வலத்தில் யானைகளோடு அழுக்கு அரக்கனின் பெரிய உருவம், பிளேக் எலி, ராட்சசக் கொசு எல்லாம் வந்தன. துப்புரவுத் தொழிலாளர்கள் புது வெள்ளை உடையில், மாலையோடு, மரியாதையாக நடந்தார்கள். கடைசியில் அழுக்கு அரக்கனைக் கொளுத்தினார்கள். போன வாரம் திட்டியவர்கள் அவரைப் பார்த்துக் கும்பிட்டார்கள்.

சந்துகளை அளந்த அதே மனிதர், ஊரை அங்கே குடியிருப்பவர்கள் கையாலேயே சரிசெய்ய வைத்தது இங்கேதான். என்னைக் கேட்டால் அவருடைய எல்லா அறிக்கைகளையும் விட இந்த ஒரு நாள் பெரிது.

கடைசி வருஷங்கள்

1919-ல் பம்பாய் பல்கலைக்கழகம் புதிதாகத் தொடங்கிய சமூகவியல், நகரவியல் துறைக்கு முதல் பேராசிரியர் ஆனார். 1924 வரை அங்கே. இடையில் விஞ்ஞானி ஜகதீஷ் சந்திர போஸின் வாழ்க்கை வரலாற்றை எழுதி 1920-ல் வெளியிட்டார். தாவரவியல்காரருக்குத் தாவரவியல்காரர்! 1925-ல் டெல் அவிவ் நகருக்கு ஒரு திட்டம் போட்டுக் கொடுத்தார். வெளியே பெரிய சாலை, உள்ளே சின்னத் தெருக்கள், ஒவ்வொரு தொகுதிக்கும் நடுவில் தோட்டம். அவர் வரைந்தவற்றில் பெரிய அளவில் நிஜமாகக் கட்டப்பட்டது அதுதான். அந்தத் திட்டத்தின் மேல் எழுந்த வெள்ளை நகரம் 2003-ல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது.

பம்பாயிலிருந்து ஸ்காட்லாந்து திரும்பவில்லை. தென் பிரான்ஸில் மான்பெலியே நகருக்கு வெளியே ஒரு வறண்ட குன்றை வாங்கி, மாணவர்களுக்கு விடுதி கட்டினார், தோட்டம் போட்டார், வழக்கம்போல் கடன்பட்டார். முன்பு வேண்டாம் என்று மறுத்த சர் பட்டத்தை 1932-ல் ஏற்றுக்கொண்டார். அதே வருஷம் ஏப்ரல் 17-ம் தேதி அந்தக் குன்றிலேயே இறந்தார்.

அலமாரியில் கிடந்த இந்திய அறிக்கைகளிலிருந்து முக்கியப் பகுதிகளைத் தொகுத்து, ஜாக்குலின் டிர்விட் என்ற நகரத் திட்ட நிபுணர் 1947-ல் ஒரு புத்தகம் கொண்டுவந்தார். ஆறில் ஒரு பங்கு செலவு என்ற தஞ்சாவூர்க் கணக்கு உலகம் முழுக்கத் திட்டக்காரர்களிடம் போய்ச் சேர்ந்தது அதன் வழியாகத்தான். எடின்பரோவில் அவுட்லுக் டவர் இப்போது டிக்கெட் வாங்கி ஏறும் சுற்றுலா இடம். உச்சியில் அந்த வெள்ளை மேசை இன்னும் இருக்கிறது. தெருவில் நடந்து போகும் மனிதர்கள், தாங்கள் அந்த மேசைமேல் நகர்வது தெரியாமல், தங்கள் வேலையைப் பார்த்துக்கொண்டு போகிறார்கள்.